பக்கத்தில் ஓர் ஆட்டுத்தலை

முதல் வருட இயற்பியல் லேபைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். டார்ஷன் பெண்டுலம் ஆடிக்கொண்டிருக்கிறது, ஸ்டாப்வாட்ச் உங்கள் பார்ட்னர் கையில். கணக்குப் போட்டால் விடை, புத்தகத்தில் இருக்கும் எண்ணுக்குப் பக்கத்தில்கூட வரவில்லை. மணி நாலாகப் போகிறது. நீங்கள் என்ன செய்தீர்களோ தெரியாது, நான் செய்ததைச் சொல்லிவிடுகிறேன். விடையிலிருந்து பின்னாடி கணக்குப் போட்டு, அதற்குத் தகுந்த மாதிரி ரீடிங் எழுதி, கையெழுத்து வாங்கிக்கொண்டு நேராக கேன்டீனுக்குப் போய்விட்டேன். தப்பு கம்பியில் இருந்ததா, என் கையில் இருந்ததா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் நான் முயற்சி பண்ணவில்லை.

இதே வேலையை, கூட்டம் நிறைந்த அரங்கில், ஓர் ஆட்டுத்தலையை வைத்துச் செய்த ஒருவரின் கதைதான் இது. அவர் பெயர் ஆண்ட்ரியாஸ் வெசாலியஸ். நவீன உடற்கூறியலின் தந்தை என்று உயிரியல் புத்தகத்தின் ஓரத்தில் கட்டம் கட்டிப் போடுவார்களே, அவரேதான். அந்தக் கட்டத்துக்குள் ஆட்டுத்தலை வராது.

1514 டிசம்பர் 31-ல் பிரஸ்ஸல்ஸில் பிறந்தார். அப்பா, பேரரசர் ஐந்தாம் சார்லஸுக்கு மருந்து தயாரிப்பவர். அதற்கு முந்தைய தலைமுறைகளில் எல்லாம் மருத்துவர்கள். வீட்டுக்குக் கொஞ்ச தூரத்திலேயே குற்றவாளிகளைத் தூக்கில் போடும் மேடு. பையன் என்ன படிப்பான் என்று யாரும் கேட்டிருக்கவே மாட்டார்கள். லூவன் நகரில் படித்துவிட்டு, 1533-ல் மருத்துவம் படிக்க பாரிஸ் போனார்.

பாரிஸில் உடற்கூறியல் எப்படி நடந்தது என்பதைத் தெரிந்துகொண்டால்தான் மற்றது புரியும். பேராசிரியர் உயரமான நாற்காலியில் உட்கார்ந்து லத்தீன் புத்தகத்தை வாசிப்பார். கீழே மேசையில் கிடக்கும் உடலை அறுப்பது நாவிதர் வேலை. பெரும்பாலும் அவருக்கு லத்தீன் தெரியாது. மேலே இருப்பவர் உடலைத் தொட மாட்டார், கீழே இருப்பவருக்குப் புத்தகம் புரியாது. நடுவில் நிற்கும் மாணவர்களுக்கு இரண்டும் ஒன்றுதான் என்று நம்புவதைத் தவிர வேறு வழி இல்லை. வெசாலியஸுக்கு இது ஒத்துவரவில்லை. 'இன்னசென்ட்ஸ்' என்ற பழைய இடுகாட்டில் எலும்புகள் குவிந்து கிடக்கும். நண்பர்களோடு அங்கே போய் மணிக்கணக்கில் எலும்புகளோடு உட்கார்ந்திருப்பார். கண்ணைக் கட்டிக்கொண்டு, தடவிப் பார்த்தே எந்த எலும்பு என்று சொல்வதாகப் பந்தயம் கட்டும் அளவுக்குத் தேறிவிட்டார்.

1536-ல் பிரான்ஸுக்கும் பேரரசருக்கும் போர் மூண்டது. லூவனுக்கே திரும்பினார். ஊருக்கு வெளியே தூக்குமேடையில் ஒரு குற்றவாளியின் உடல் தொங்கிக்கொண்டிருந்தது. சதையைப் பறவைகள் தின்றுவிட்டன, எலும்புகள் தசைநார்களின் பிடியில் கோத்தபடி அப்படியே இருந்தன. கூட வந்த நண்பர் ஜெம்மா ஃபிரிசியஸ். சர்வேயிங் பேப்பரில் டிரையாங்குலேஷன் படித்தீர்களே, அந்த முறையை 1533-ல் எழுதி வெளியிட்டவர் இவர்தான். கணக்கு வாத்தியார் துணையோடு மருத்துவ மாணவர் தூக்குமேடையில் ஏறினார். கை கால்களை முதலில் கொண்டுபோனார். மார்புப் பகுதி சங்கிலியில் மாட்டியிருந்ததால், அதற்காக இரவு ஊர்க்கதவை மூடிய பிறகும் வெளியிலேயே தங்கிவிட்டார். எல்லாவற்றையும் சேர்த்து முழு எலும்புக்கூடாக்கினார். ஊரார் கேட்டபோது பாரிஸிலிருந்து கொண்டுவந்ததாகச் சொல்லிவிட்டார்.

ஆக, தேவைப்பட்டால் ஒரு பொய் சொல்ல அவருக்குத் தயக்கம் இல்லை. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

அங்கிருந்து இத்தாலி. 1537 டிசம்பர் 5-ல் பதுவா பல்கலைக்கழகத்தில் மருத்துவப் பட்டம் பெற்றார். அடுத்த நாளே அங்கேயே அறுவையியலும் உடற்கூறியலும் கற்பிக்கும் வேலை. 23 வயது நிரம்ப இன்னும் சில வாரங்கள் இருந்தன. உங்கள் ஃபைனல் இயர் சீனியர் ஒருவர் கான்வொகேஷன் முடிந்த மறுநாள் டிபார்ட்மென்டில் வகுப்பு எடுக்க வந்து நிற்பதாகக் கற்பனை செய்யுங்கள். வந்ததும் முதல் வேலையாக அந்த உயர்ந்த நாற்காலியை விட்டுவிட்டார். கத்தியைத் தானே எடுத்தார், தானே அறுத்தார், தானே காட்டினார். மாணவர்கள் மொய்த்தார்கள்.

இங்கேதான் சிக்கல். அந்தக் காலத்தில் மருத்துவம் என்றால் காலன். கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் ரோமில் வாழ்ந்த கிரேக்க மருத்துவர். கிட்டத்தட்ட 1,300 வருடங்களாக அவர் எழுதியதுதான் சிலபஸ். அந்த சிலபஸில் மூளையைப் பற்றி இப்படி ஒரு ஏற்பாடு இருந்தது. இதயத்திலிருந்து உயிர்ச்சக்தி கலந்த ரத்தம் கழுத்துத் தமனிகள் வழியே மேலே ஏறும். மூளையின் அடிப்பாகத்தில் அந்தத் தமனிகள் நூல் நூலாகப் பிரிந்து ஒரு வலையாகப் பின்னியிருக்கும். ரேட்டே மிராபிலே, அதாவது அற்புத வலை என்று அதற்குப் பெயர். அந்த வலையில்தான் உயிர்ச்சக்தி வடிகட்டப்பட்டு, இன்னும் நுண்மையான மனச்சக்தியாக மாறத் தொடங்கும். பிறகு மூளைக்குள் இருக்கும் அறைகளில் பக்குவமாகித் தங்கும். அங்கிருந்து நரம்புகளின் உள்ளே ஓடி, பார்ப்பது, கேட்பது, கையைத் தூக்குவது எல்லாவற்றையும் நடத்தும். ஒரு ரிஃபைனரி, அதற்கு ஒரு ஸ்டோரேஜ் டேங்க், டேங்கிலிருந்து பைப்லைன். டிசைன் என்ற அளவில் குறை சொல்ல முடியாது.

ஒரே ஒரு பிரச்சினை. மனிதத் தலையில் அந்த வலை இல்லை.

வெசாலியஸ் தேடிப் பார்த்தார், கிடைக்கவில்லை. அரங்கில் மாணவர்கள் காத்திருக்கிறார்கள். காலன் எழுதியிருக்கிறார், எல்லா ஆசிரியர்களும் படித்திருக்கிறார்கள், தனக்கு மட்டும் கண்ணில் படவில்லை. கத்தி வழுக்கிவிட்டதோ? உடல் பழசாகி வலை சிதைந்துவிட்டதோ? அவர் ஒரு வழி கண்டுபிடித்தார். மனிதத் தலையை அறுத்துக் காட்டும் நாளில், பக்கத்தில் ஓர் ஆட்டுக்குட்டியின் தலையோ மாட்டுத்தலையோ தயாராக இருக்கும். மனிதனில் காட்ட முடியாத வலையை அதில் காட்டிவிடுவார். பாடம் முடிந்தது, சிலபஸும் முடிந்தது. 1538-ல் மாணவர்களுக்காக அச்சிட்ட ஆறு பெரிய விளக்கப் படத்தாள்களிலும் அந்த வலையை வரைந்தே வைத்திருந்தார்.

நம் ரெகார்ட் நோட்டு எவ்வளவோ தேவலை, இல்லையா?

ஆட்டுத்தலையில் மட்டும் அந்த வலை எப்படி வந்தது? காலன் கதை கட்டவில்லை. ரோமில் மனித உடலை அறுக்க முடியாததால் அவர் அறுத்ததெல்லாம் மாடு, ஆடு, பன்றி, குரங்கு. ஆட்டிலும் மாட்டிலும் அந்த வலை நிஜமாகவே இருக்கிறது. அது என்ன செய்கிறது என்பது 20-ஆம் நூற்றாண்டில்தான் தெளிவானது. மெக்கானிக்கல் நண்பர்களுக்கு இந்த இடம் பிடிக்கும். ஆட்டின் மூக்குக்குள் ஈரம் ஆவியாகும்போது அங்கே ஓடும் சிரை ரத்தம் குளிர்கிறது. குளிர்ந்த அந்த ரத்தம் மூளையின் அடியில் ஒரு குளம் மாதிரி தேங்கும் இடத்துக்கு வருகிறது. தமனி வலை அந்தக் குளத்துக்குள் மூழ்கிக் கிடக்கிறது. மூளைக்குப் போகும் சூடான ரத்தம் நூற்றுக்கணக்கான நுண்குழாய்களாகப் பிரிந்து, சுற்றிலும் இருக்கும் குளிர்ந்த ரத்தத்துக்கு வெப்பத்தைக் கொடுத்துவிட்டு, மறுபடி ஒரே குழாயாகச் சேர்ந்து மேலே போகிறது. ரத்தம் கலப்பதில்லை, வெப்பம் மட்டும் மாறுகிறது. சுத்தமான ஷெல் அண்ட் டியூப் ஹீட் எக்ஸ்சேஞ்சர். வெயிலில் ஓடும் ஆட்டுக்கு உடல் சூடானாலும் மூளை அந்த அளவு சூடாகாமல் இருப்பது இதனால்தான். ரிஃபைனரி என்று காலன் நினைத்தது உண்மையில் ஒரு கூலர்.

வெசாலியஸ் மனம் மாறியது ஒரே நாளில் நடக்கவில்லை. இந்த வலை மனிதனில் இல்லை என்று முதலில் சொன்னவரும் அவர் இல்லை. போலோன்யாவின் பெரெங்காரியோ டா கார்பி 1520-களின் தொடக்கத்திலேயே எழுதிவிட்டார். ஆனால் அந்தச் சமயத்தில் வெசாலியஸுக்குக் காலன் மேல் இருந்த பற்று கொஞ்சநஞ்சமல்ல. வெனிஸில் ஜுந்தா பதிப்பகத்தார் காலனின் மொத்த நூல்களையும் அச்சிட்டபோது, உடற்கூறியல் நூல்கள் சிலவற்றைத் திருத்தித் தரும் வேலை இவருக்கு வந்தது. 1541-ல் வெளியான பதிப்பு அது. திருத்துபவன் வாசிக்கும் விதம் வேறு, உங்களுக்கே தெரியும். இந்த இதழுக்கு ஒரு கட்டுரையைப் பிழை திருத்தினாலே எழுதியவரின் குட்டு முழுக்க வெளியே வந்துவிடும். வரிக்கு வரி படித்த வெசாலியஸ், 1540-ல் போலோன்யாவில் ஒரு மனித எலும்புக்கூட்டையும் ஒரு குரங்கின் எலும்புக்கூட்டையும் பக்கம் பக்கமாக நிறுத்திப் பார்த்தார். காலன் எழுதியது குரங்கோடு பொருந்தியது. மனிதனோடு பொருந்தவில்லை. அப்படியென்றால் அந்த ஆசான் மனித உடலை அறுத்ததே இல்லை.

தான் மேசையில் வைத்திருந்த ஆட்டுத்தலை ஒரு விதிவிலக்குக்கான சமாளிப்பு இல்லை, மொத்தப் புத்தகமும் எங்கிருந்து வந்தது என்பதற்கான சாட்சி என்பது அப்போது அவருக்குப் புரிந்திருக்க வேண்டும்.

அடுத்த இரண்டு வருடங்கள் ஒரே புத்தக வேலை. படங்கள் மரக்கட்டைகளில் செதுக்கப்பட்டன. அவை வெனிஸிலிருந்து ஆல்ப்ஸ் மலையைத் தாண்டி, பேசல் நகரில் யோஹானஸ் ஒப்போரினஸ் அச்சகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. 1543-ல் 'மனித உடலின் கட்டமைப்பு' என்று பொருள்படும் தலைப்பில், லத்தீனில், ஏழு பாகங்களாக நூல் வெளிவந்தது. ஃபாப்ரிகா என்று சுருக்கமாகச் சொல்வார்கள். கோபர்நிக்கஸின் நூலும் அதே வருடம்தான். வெசாலியஸுக்கு வயது 28.

அந்த நூலில் வலை இல்லை என்று எழுதியதோடு அவர் நிறுத்தியிருக்கலாம். யாரும் அவரிடம் விளக்கம் கேட்டிருக்க மாட்டார்கள். ஆனால் அவர் ஆட்டுத்தலை விஷயத்தையும் எழுதிவிட்டார். காலன் மேல் இருந்த பற்றினால் மனிதத் தலையைப் பொதுவில் அறுக்கும்போதெல்லாம் ஆட்டுத்தலையோ மாட்டுத்தலையோ பக்கத்தில் வைத்துக்கொண்டதையும், மனிதனில் காணாததை அதில் காட்டியதையும், பார்க்க வந்தவர்கள் தன்னைக் குறை சொல்லக் கூடாதே என்று பயந்ததையும், தன் மடத்தனத்தை நினைத்துத் தானே வியப்பதையும் அச்சில் போட்டார். அரங்கில் அதைப் பார்த்த மாணவர்கள் உயிரோடு இருக்கிறார்கள், அவர்களில் பலர் இப்போது மருத்துவர்கள். அவர்களும் படிப்பார்கள் என்று தெரிந்தே எழுதினார். ஃபாப்ரிகாவின் படங்களைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்கள். எனக்கு அதில் பிடித்த பக்கம் இதுதான்.

ஆட்டுத்தலை அவருக்கு இன்னொரு வேலையும் செய்து கொடுத்தது. இதற்கு மூளைக்குள் கொஞ்சம் போக வேண்டும்.

ஆட்டு மூளையை நடுவில் நெடுக்காக இரண்டாகப் பிளந்தால், அது முழுக்கத் திடமான கட்டி இல்லை என்பது தெரியும். உள்ளே வெற்றிடங்கள் இருக்கின்றன. இரண்டு பக்கமும் வளைந்த கொம்பு மாதிரி இரண்டு பெரிய அறைகள். அவற்றுக்குக் கீழே, நடுக்கோட்டில், ஒரு குறுகிய பிளவாக மூன்றாவது அறை. அதிலிருந்து ஒரு மெல்லிய குழாய் பின்னால் போய், சிறுமூளைக்கு அடியில் கூடாரம் போலிருக்கும் நான்காவது அறையில் திறக்கிறது. இவை நிறைய தண்ணீர் போலத் தெளிந்த திரவம். மனித மூளை எடையில் ஆட்டு மூளையைப் போலப் பத்து மடங்கு. ஆனால் இந்த அறைகளின் அமைப்பு அதேதான். அதே நான்கு அறைகள், அதே வரிசை, அதே இணைப்பு.

வெசாலியஸ் காலத்துப் பாடத்தில் இந்த அறைகள்தான் மனசு. முன் அறையில் புலன்களும் கற்பனையும், நடு அறையில் பகுத்தறிவு, பின் அறையில் ஞாபகம். 1503-ல் வெளியான ஒரு பிரபலமான கலைக்களஞ்சியத்தில் தலையின் மேல் இந்த அறைகளை வட்டம் வட்டமாகப் போட்ட படம் இருந்தது, மாணவர்கள் அதைப் பார்த்து வரைந்துகொள்வார்கள். லூவனில் இவரும் படித்த பாடம் அது. பகுத்தறிவு மனிதனுக்கு மட்டுமே உரியது, மிருகத்துக்குக் கிடையாது என்பதும் அதே வகுப்பில் சொல்லிக்கொடுத்ததுதான்.

இப்போது மேசையில் இரண்டு தலைகளும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. திறந்து பார்த்தால் அறைகள் ஒரே மாதிரி. பகுத்தறிவுக்கென்று சொன்ன அந்த நடு அறை ஆட்டிலும் இருக்கிறது! ஆடு, மாடு, நாய், குரங்கு என்று எதைத் திறந்தாலும் இருக்கிறது. ஒன்று, ஆட்டுக்கும் பகுத்தறிவு உண்டு என்று ஒப்புக்கொள்ள வேண்டும், இல்லை அறையின் வடிவத்துக்கும் பகுத்தறிவுக்கும் சம்பந்தம் இல்லை என்று சொல்ல வேண்டும். இரண்டில் எதைச் சொன்னாலும் பழைய படம் கிழிந்துவிடும். வெசாலியஸ் இரண்டாவது பக்கம் நின்றார். மூளை எப்படி யோசிக்கிறது, எப்படி ஞாபகம் வைக்கிறது என்பது அறுத்துப் பார்த்துத் தனக்குப் பிடிபடவில்லை என்றும் வெளிப்படையாக எழுதினார். காலனை முழுக்க உதறிவிட்டார் என்று நினைக்க வேண்டாம். மனச்சக்தி அந்த அறைகளில் உண்டாகிறது என்ற எண்ணத்தை அவர் கடைசிவரை விடவில்லை. ரிஃபைனரி இல்லை என்று காட்டியவர் டேங்கை அப்படியே வைத்துக்கொண்டார்.

டேங்கில் உண்மையில் என்ன இருக்கிறது என்று கவனமாக விவரித்தவர் நேப்பிள்ஸைச் சேர்ந்த டொமெனிகோ கொத்துன்யோ, 1764-ல். அதற்கு முன் பலர் தவறவிட்டதற்கு அவர் சொன்ன காரணம் எளிமையானது. வழக்கமாகத் தலையை உடலிலிருந்து வெட்டி எடுத்துவிட்டுத்தான் மூளையை ஆராய்வார்கள். கழுத்தை வெட்டிய உடனேயே திரவம் வடிந்துவிடும். ஃபாப்ரிகாவின் மூளைப் படங்களைப் பாருங்கள், எல்லாம் வெட்டப்பட்ட தலைகள். இன்று நமக்குத் தெரிந்த கணக்கு இது: வளர்ந்த மனிதருக்கு மூளையிலும் தண்டுவடத்திலுமாகச் சேர்த்து சுமார் 150 மில்லி திரவம், ஒரு நாளைக்குச் சுரப்பது சுமார் 500 மில்லி. அதாவது தினமும் மூன்று தடவைக்கு மேல் முழுசாகப் புதுசாகிறது. மூளை அதில் மிதக்கிறது. நடுவில் உள்ள அந்த மெல்லிய குழாய் அடைத்துக்கொண்டால் திரவம் தேங்கி அறைகள் வீங்கும், குழந்தைகளுக்குத் தலையே பெரிதாகும்.

சரி, புத்தகம் வந்த பிறகு என்ன ஆயிற்று? பாரிஸில் இவருக்குப் பாடம் எடுத்த சில்வியஸ் கொதித்துப்போனார். வெசாலியஸ் என்ற பெயரைக் கொஞ்சம் மாற்றி, லத்தீனில் பைத்தியக்காரன் என்று பொருள் வரும்படி ஆக்கி, 1551-ல் ஒரு தாக்குதல் நூலே எழுதினார். காலன் எழுதியதும் உடலும் பொருந்தவில்லை என்றால் காலன் தப்பில்லை, காலனுக்குப் பிறகு மனித உடல்தான் மாறிவிட்டது என்றுகூட வாதாடினார். சிரிக்காதீர்கள். கம்பியில்தான் கோளாறு என்று நாமும் சொன்னவர்கள்தானே.

எதிர்ப்பு அலுப்பைத் தந்தது. பதுவாவை விட்டுப் பேரரசரின் அரண்மனை மருத்துவராகப் போகும் நேரத்தில், காலனின் நூல்கள் மேல் எழுதி வைத்திருந்த குறிப்புகள் உட்படத் தன் கையெழுத்துப் படிகள் பலவற்றைத் தீயில் போட்டுவிட்டார். பிறகு அதற்காக வருந்தினார். அரண்மனை வாழ்க்கையைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. ராஜாக்களின் மூட்டுவலி, போர்க்காயம், ஊர் ஊராகப் பயணம். 1559-ல் பிரான்ஸ் மன்னர் இரண்டாம் ஹென்றிக்கு ஈட்டிப் போட்டியில் கண்ணருகே சிம்பு பாய்ந்தபோது பிரஸ்ஸல்ஸிலிருந்து இவரை அழைத்தார்கள். அம்புவாஸ் பாரே என்ற பெரிய அறுவை மருத்துவரும் அங்கே இருந்தார். இரண்டு பேராலும் ஒன்றும் செய்ய முடியவில்லை, மன்னர் இறந்துபோனார்.

1564-ல் ஜெருசலேமுக்குப் புனிதப் பயணம் கிளம்பினார். ஏன் போனார் என்பதற்குப் பல கதைகள் உண்டு, உயிரோடு இருந்த ஒருவரை அறுத்துவிட்டதால் தண்டனையாக அனுப்பினார்கள் என்பது உட்பட. அதற்கு ஆதாரம் கிடையாது, விட்டுவிடுவோம். திரும்பும் வழியில் கிரேக்கத்தின் ஸாக்கிந்தோஸ் தீவில் அக்டோபரில் இறந்தார். 50 வயது நிறையவில்லை. புதைத்த இடம் எது என்று இன்றுவரை உறுதியாகவில்லை. படங்கள் செதுக்கிய மரக்கட்டைகள் மட்டும் ஏறக்குறைய 400 வருடம் தாக்குப்பிடித்தன. இரண்டாம் உலகப் போரில் மியூனிக் மேல் விழுந்த குண்டுகளில் அவையும் எரிந்தன.

ஃபாப்ரிகாவின் இரண்டாம் பதிப்பு 1555-ல் வந்தது. அந்தப் பதிப்பின் ஒரு பிரதி முழுக்க ஓரங்களில் மையால் எழுதிய திருத்தங்கள் இருந்தன, ஆயிரத்துக்கும் மேல். வார்த்தையை அடித்து மாற்றியது, வாக்கியத்தைத் தூக்கியது, படத்தில் எழுத்துக் குறி சரியாகத் தெரியவில்லை என்று சுட்டியது. யார் எழுதியது என்று நீண்ட காலம் யாருக்கும் தெரியவில்லை. இந்த நூற்றாண்டில்தான் கையெழுத்தை ஆராய்ந்து சொன்னார்கள்: எழுதியவர் வெசாலியஸேதான். வெளிவராமலே போன மூன்றாம் பதிப்புக்காக, அரண்மனை வேலைக்கு நடுவில் உட்கார்ந்து, தன் புத்தகத்தைத் தானே பிழை திருத்திக்கொண்டிருந்திருக்கிறார். 2024-ல் நியூயார்க்கில் அந்தப் பிரதி ஏலத்துக்கு வந்தது. சுமார் 22 லட்சம் டாலர் கொடுத்து வாங்கியது லூவன் பல்கலைக்கழகம். எலும்புக்கூடு பாரிஸிலிருந்து வந்தது என்று அவர் பொய் சொன்ன அதே ஊர்.